அப்பா எதற்குச் சிரித்தார்

அப்பா சிரித்துப் பார்த்த ஞாபகம் எனக்கில்லை. அம்மாவுக்கும் இல்லையாம். அவர் இறந்த பிறகு இலுப்பூர் வீட்டுச் சுவரில் மாட்டிய படத்தில்கூட, ரேஷன் கடையில் சண்டைக்கு நிற்பவரைப் போலத்தான் இருக்கிறார். போன கிறிஸ்துமஸ் அன்று பூசை முடிந்து, பிரியாணி சாப்பிட்ட கையோடு, அம்மா எனக்கொரு வேலை வைத்தாள்.

"ஒங்கப்பா மெட்ராசுல வேலை பாத்தப்ப, டிவி காமெடி நிகழ்ச்சிக்குக் கைதட்ட ஆள் வேணும்னு கூட்டிட்டுப் போனாங்களாம். கிறிஸ்துமசுக்குப் போட்டாங்க. ஒரே ஒரு நாள்தான் போனாரு. அங்க நல்லாச் சிரிச்சேன்னாரு. ஒன் போன்ல அது வருமாடி?"

வந்தது, தேடித் தேடி என் கண் வலித்த பிறகு. பஞ்சுத் தாடி வைத்த கிறிஸ்துமஸ் தாத்தா சுவரேறிக் குதிக்கிறார். வீட்டுக்காரர் திருடனென்று துடைப்பத்தால் சாத்துகிறார். உடனே பார்வையாளர்களைக் காட்டினார்கள். நடுவில் கட்டம்போட்ட சட்டையில் அப்பா, வாய்கொள்ளாமல் சிரிக்கிறார்.

"ஆத்தாடி, அவருதான்!" அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள். "இதுக்கா சிரிச்சாரு? வெளக்கமாத்துல அடிச்சதுக்கா?" மறுபடி போடச் சொல்லி, அவளும் சிரித்துப் பார்த்தாள்.

அத்தோடு விட்டிருக்கலாம், இந்தப் பாழாய்ப்போன போன் விட்டால்தானே! அதே நிகழ்ச்சியின் பொங்கல் சிறப்பு தானாக ஓட ஆரம்பித்தது. பொங்கல் பானை ஒருவர் வேட்டியில் கொட்டுகிறது. உடனே அப்பா! அதே சட்டை, அதே சிரிப்பு, பக்கத்தில் அதே மூக்குக்கண்ணாடிக்காரர்.

"பொங்கலுக்கு இங்கிட்டுல்ல இருந்தாரு? எங்கிட்டப் பொய் சொன்னாரா?" அம்மாவின் முகம் சுண்டிப்போனது. எனக்கும் ஒன்றும் பிடிபடவில்லை. தீபாவளிச் சிறப்பைப் போட்டேன். பட்டாசு வெடித்ததும் அதிலும் அப்பா அப்படியே சிரித்தார். அப்புறம்தான் எனக்கு உறைத்தது.

"ஒரு நாள் எடுத்த சிரிப்ப எல்லாத்துலயும் ஒட்டிருக்காங்கம்மா."

"அப்ப வெளக்கமாத்துக்குச் சிரிக்கலையா?"

"யாருக்குத் தெரியும்? சிரிங்கன்னு சொல்லிக்கூட எடுத்திருப்பாங்க."

அம்மா திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இம்புட்டு வருசம் கூட இருந்தேன். எதச் சொன்னா இந்த மனுசன் சிரிப்பாருன்னு எனக்குத் தெரியாமலே போச்சேடி."

கோபமா, அழுகையா என்று எனக்குப் புரியவில்லை. போனை அணைக்கப் போனேன். அம்மா என் கையைத் தட்டிவிட்டாள்.

"அடுத்ததப் போடு."