மாதாவின் நீளக் கை

பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் எனக்கு வைத்திருக்கும் பட்டப்பெயர் 'அடிமட்டம்', அதாவது கோடு போடும் அளவுகோல். என் காதில் விழாது என்று நினைத்துக்கொண்டு சொல்கிறார்கள். எனக்கு அதில் கோபமில்லை, உள்ளுக்குள் கொஞ்சம் பெருமைகூட இருந்தது. மாத்தளை டவுனில் இருபத்திரண்டு வருடமாகச் சித்திரப் பாடம் படிப்பிக்கிறேன். எதுவும் கோணலாக இருந்தால் என்னால் சும்மா இருக்க முடியாது. கலியாண வீட்டுச் சுவரில் ஒரு படம் சரிந்து தொங்கினால், எழுந்துபோய் நிமிர்த்திவிட்டுத்தான் சாப்பிட உட்காருவேன்.

உயர்தர வகுப்பில் ஐரோப்பியக் கலைக்கு வரும்போது, மறுமலர்ச்சிக் காலத்துக்கு மூன்று வாரம் எடுப்பேன். தலையை ஓர் அளவாக வைத்துக்கொண்டால் உடம்பு முழுவதும் எட்டுத் தலை உயரம். கையைத் தொங்கவிட்டால் விரல்நுனி நடுத்தொடையில் நிற்க வேண்டும். முக்கியமானவர் நடுவில், மற்றவர்கள் இரு பக்கமும் சரிசமமாக. இதைச் சொல்லும்போது எனக்கே குரல் கொஞ்சம் உயர்ந்துவிடும்.

அதற்குப் பிறகு வருவதுதான் மேனரிசம். அதற்கு மணியடிக்கப் பத்து நிமிடம் இருக்கும்போது நாலு வரி நோட்ஸ். கழுத்தை நீட்டினார்கள், விரலை நீட்டினார்கள், நடுவில் இருக்க வேண்டியவரை ஓரத்துக்குத் தள்ளினார்கள், ஒன்றோடொன்று ஒட்டாத நிறங்களைப் பூசினார்கள். அவ்வளவுதான். ஒரு பிள்ளை ஒருமுறை கேட்டாள், "வரையத் தெரியாமலா டீச்சர் அப்பிடி வரைஞ்சாங்க?"

"நல்லாத் தெரியும். தெரிஞ்சேதான் கெடுத்தாங்க" என்றேன். வகுப்பே சிரித்தது. ஏன் கெடுத்தார்கள் என்று அவளும் கேட்கவில்லை, நானும் அதுவரை என்னைக் கேட்டுக்கொண்டதில்லை.

எனக்கு இருப்பது ஓர் அக்கா மட்டும். ரத்தோட்டைக்கு மேலே உள்ள தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறிக்கிறாள். அத்தான் எப்போதோ காலமாகிவிட்டார். ஒரே மகன். ஆறடிக்கு மேல் வளர்ந்தவன், லயத்து வீட்டின் தாழ்ந்த வாசலில் குனியாமல் நுழைந்தால் நிலை நெற்றியில் இடிக்கும். "உன் சித்திகிட்டச் சொல்லி உன்னைக் கொஞ்சம் ரப்பரால அழிக்கச் சொல்லணும்டா" என்று அக்கா கேலி செய்வாள். இரண்டு வருடத்துக்கு முன், மிளகு பறிக்க ஏணியில் ஏறியவன் தவறி விழுந்தான். அக்காவும் பக்கத்து வீட்டுக்காரரும் அவனைத் திரீவீலரில் ஏற்றிக்கொண்டு மாத்தளை ஆஸ்பத்திரிக்கு வந்தார்கள். வரும் வழியிலேயே உயிர் போய்விட்டது. நான் ஆஸ்பத்திரி வாசலில் காத்திருந்தேன். அந்த வழி எப்படி இருந்தது என்று அக்கா சொல்லவில்லை. அவளுக்கு வலிக்கும் என்று நானும் கேட்கவில்லை, இல்லை, எனக்கு வலிக்கும் என்றுதான் கேட்கவில்லை.

அதற்குப் பிறகு அக்கா, கொழுந்து நிறுத்துப் போட்டுவிட்டு நேராகத் தோட்டத்துக் கோயிலுக்குப் போகத் தொடங்கினாள். அது சின்ன மாதா கோயில். பீடத்துக்குப் பக்கத்தில் ஒரு வியாகுல மாதா படம் உண்டு. எந்தக் காலத்திலோ ஒரு வெளிநாட்டுக் குருவானவர் கொண்டுவந்தது, யாரோ வரைந்ததன் நகல். இறந்த இயேசு தாயின் மடியிலிருந்து வழுகிக்கொண்டிருப்பார். கால்கள் சட்டகத்துக்கு வெளியே போய்விடும். தரையில் தொங்கும் அவருடைய கையை எட்டிப் பிடிக்க மாதாவின் வலது கை கீழே நீளும், நீளும், அப்படியொரு நீளம். கழுத்தும் நீளம். மாதாவின் உடுப்பு வெளிறிய ரோஸ், பக்கத்தில் நிற்கும் பெண்ணுடையது மஞ்சள் கலந்த தேசிக்காய்ப் பச்சை. சுற்றி நிற்பவர்களின் காலடியில் நிலம் என்று ஒன்றே இல்லை. தோட்டத்துப் பிள்ளைகள் அதைக் 'கொக்கு மாதா' என்பார்கள். நானும் சின்ன வயதில் அப்படித்தான் சொன்னேன்.

போன வருடம் திருநாளுக்கு முன் ஃபாதர் என்னைக் கூப்பிட்டார். படத்தில் பூஞ்சணம் பிடித்து நிறம் உரிந்துகொண்டிருந்தது. "நீங்கதான டீச்சர் செய்யணும்" என்றார். ஓகஸ்ட் லீவில் போய் அக்கா வீட்டில் தங்கினேன். படத்தைக் கோயில் பின்னறைக்கு எடுத்துக் கதவைச் சாத்திக்கொண்டேன்.

முதல் மூன்று நாள் துடைத்தேன். நாலாம் நாள் பென்சிலை நீட்டிப் பிடித்து அளந்து பார்த்தேன். சாதாரணமாகக் கை மூன்று தலை நீளத்துக்குச் சற்று மேலே இருக்கும். இது ஐந்து. அதற்குமேல் என்னால் சும்மா இருக்க முடியவில்லை. கையைக் குறைத்தேன். குறைத்ததும் அது இயேசுவின் கையை எட்டவில்லை, ஆகவே அவர் கையைத் தூக்கி மார்பில் வைத்தேன். வழுகுகிற உடம்பை மேலே இழுத்தேன். மாதாவின் முழங்காலை அகட்டி, மாதாவுக்கு உரிய நீலத்தில் துணி மடிப்புகள் போட்டு, இயேசு முழுசாக அடங்குகிற மாதிரி மடியைப் பெரிதாக்கினேன். கழுத்தைச் சுருக்கினேன். எல்லாரும் நிற்க ஒரு தரையும் கொடுத்தேன்.

அக்கா தினமும் பத்து மணிக்குத் தேத்தண்ணி கொண்டுவந்து கதவைத் தட்டுவாள். "கழுவத்தான செய்யிற?" என்று ஒருநாள் கேட்டாள்.

"ஆமாக்கா. முடிஞ்ச பொறகு பாரு, நீயே அசந்துருவ" என்றேன்.

திருநாள் அன்று திரையை விலக்கியபோது கோயிலில் கைதட்டினார்கள். "மாதா அழகாயிட்டாங்க" என்று கிழவிகள் என் கன்னத்தைத் தடவினார்கள். ஃபாதர் பிரசங்கத்தில் என்னைப் பற்றி இரண்டு வசனம் சொன்னார். நான் அக்காவைத் தேடினேன். அவள் படத்துக்கு நேரே நின்று, தொலைந்த எதையோ தேடுகிறவள் மாதிரி மேலும் கீழும் பார்த்தாள். பிறகு பூசை முடியுமுன்பே வெளியே போய்விட்டாள்.

வீட்டுக்குப் போனபோது அடுப்படியில் உட்கார்ந்திருந்தாள்.

"அந்தக் கை எங்க?" என்றாள்.

"எந்தக் கைக்கா?"

"மாதாவோட கை. கீழ தொங்குறதப் புடிக்கப் போகுமே."

"அது அளவு தப்புக்கா. மனுசங்களுக்கு அவ்வளவு நீளமாக் கை இருக்காது."

"எனக்கு இருந்துச்சு" என்றாள்.

அப்போதுதான் சொன்னாள். திரீவீலரில் அவன் தலை மட்டும்தான் அவள் மடியில் இருந்தது. உடம்பு அடங்கவில்லை. கால்கள் ஒரு பக்கம் வெளியே, பக்கத்து வீட்டுக்காரர் அவற்றைக் கட்டிப் பிடித்துக்கொண்டிருந்தார். மறுபக்கம் அவன் கை வெளியே விழுந்து ரோட்டில் உரசப் பார்த்தது. ஒவ்வொரு வளைவிலும் எட்டி எட்டி அதை உள்ளே எடுத்தாள். எடுக்க எடுக்க விழுந்தது.

"எப்பிடி எட்டுனுச்சுன்னு எனக்கே தெரியல. அந்தப் படத்துலதான் அது சரியா இருந்துச்சு. இப்ப மாதா நல்லா உக்காந்திருக்காங்க. அவரும் மடியில அடங்கிட்டாரு. என் புள்ள அடங்கலையே."

மூன்று வாரம் படிப்பிக்கிற அத்தனையும் தெரிந்த எனக்கு, மேனரிசத்துக்கு நான் கொடுத்த அந்த நாலு வரி தெரியாமல் போயிருந்தது. அப்படி வரைந்தவர்களுடைய ஊர்களிலும் சண்டையும் கொள்ளைநோயும் வந்ததாகத்தான் நானும் படித்தேன். அப்படிச் சாவு விழுந்த வீட்டில் யாருடைய கை அளவாக இருந்திருக்கும்?

மறுநாளே ஃபாதரிடம் போய், சுரண்டிப் பழையதை எடுத்துவிடுகிறேன் என்று கெஞ்சினேன். "சனங்களுக்குப் புடிச்சிருக்கே டீச்சர்" என்றார். ஒரு மூலையில் சுரண்டிப் பார்க்க மட்டும் விட்டார். என் நிறத்தோடு சேர்ந்து பழைய நிறமும் உரிந்து வந்தது, அடியில் வெறும் துணி. நான் வேலையை நன்றாகத்தான் செய்திருந்தேன். பழைய படத்தை யாரும் போட்டோ எடுத்து வைத்திருக்கவில்லை. கொக்கு மாதாவை யார் எடுப்பார்கள்?

அக்கா இப்போது அந்தக் கோயிலுக்குப் போவதில்லை. என்னோடு பேசாமல் இருக்கவுமில்லை. போனால் சோறு போடுகிறாள், பள்ளிக்கூடத்தைப் பற்றி விசாரிக்கிறாள். அதுதான் எனக்குத் தாங்கவில்லை. நினைவிலிருந்து அந்தக் கையைத் தாளில் வரைந்து கொண்டுபோகிறேன், இதுவரை ஏழு தடவை. ஒவ்வொன்றையும் பார்த்து, "நல்லாத்தான் இருக்கு" என்று பைபிளுக்கு அடியில் வைத்துவிடுகிறாள்.

போன சனிக்கிழமை அவளாகவே தரையில் உட்கார்ந்தாள். "என்னையப் பாத்து வரை" என்று, யாருமில்லாத பக்கமாகச் சாய்ந்து வலது கையைக் கீழே நீட்டினாள். நான் தாளில் முதலில் அவன் கையை, அது விழுந்து கிடந்திருக்க வேண்டிய இடத்தில் போட்டேன். பிறகு அவள் கையை வரைந்தேன். நீட்டு, நீட்டு என்று எனக்குள் சொல்லிக்கொண்டுதான் வரைந்தேன். ஆனாலும் என் கண் தானாக அளந்தது, என் கை தானாக நிறுத்தியது. மூன்று தலை நீளம், சற்று மேலே. துளிப் பிழையில்லை. இரண்டு கைக்கும் நடுவில் நாலு விரல் இடைவெளி கிடந்தது.

அக்காவின் தோள் நடுங்கத் தொடங்கியிருந்தது. கையை மட்டும் அவள் மடக்கவில்லை.

"எட்டிருச்சா?" என்று கேட்டாள்.