மாமா வாதாடி ஜெயித்த ஞாயிற்றுக்கிழமை

பிள்ளைகளே, நாகப்பட்டினத்திலிருந்து உங்கள் மாமா ஞாயிறுதோறும் காரைக்கால் கோவில்பத்தில் இருக்கும் நம்ம வீட்டுக்கு வருவது தங்கை மேல் உள்ள பாசத்தால்தான். காரைக்காலில் பெட்ரோல் விலை குறைவு என்பதெல்லாம் தற்செயல். டேங்க்கை நிரப்பிக்கொண்டு வந்து உட்கார்ந்து, காரைக்கால் ஏன் உருப்படாத ஊர் என்று எங்களுக்கு விளக்குவார்.

நீங்கள் டியூஷனுக்குப் போயிருந்த ஒரு ஞாயிறு அது. உங்கள் அக்கா நர்சிங்கில் சேர்ந்த புதுசு. காலை ஏழு மணிக்கு ஆஸ்பத்திரியில் பயிற்சி. பஸ் அதன் இஷ்டத்துக்கு வரும். இன்னொரு தடவை தாமதமாக வந்தால் வரவே வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். ஸ்கூட்டி வாங்காவிட்டால் படிப்பு போய்விடும்.

“அண்ணனை ஒரு வார்த்தை கேட்டுக்குவோம், தாய்மாமன்ல” என்றாள் உங்கள் அம்மா. காது குத்தும்போது மடி கொடுத்தவரிடம் ஸ்கூட்டிக்கும் அனுமதி வாங்குவது நம்ம வீட்டுச் சட்டம்.

மாமா டிவி விவாதத்தில் மூழ்கியிருந்தார். ஒருவர், குழாயில் தண்ணீர் வரவில்லை என்றார். எதிரே இருந்தவர், “உங்க ஆட்சியில மட்டும் வந்துச்சா?” என்றார். நிகழ்ச்சி முடியும்வரை தண்ணீர் வரவில்லை. “எப்படி மடக்குனான் பாத்தியா!” என்று மாமா தொடையைத் தட்டினார். அந்த உற்சாகத்தோடு எங்கள் பக்கம் திரும்பினார்.

“வண்டி வேணாம் மாப்ளே. இந்த ஊரு பூரா குடிகாரப் பயலுவ.”

“எப்படிச் சொல்றீங்க மச்சான்?” என்றேன்.

“வாஞ்சூர் வழியாத்தானே வர்றேன். கண்ணால பாக்குறேன்ல!”

எல்லையில் இருக்கும் பிராந்திக்கடை வாசலைப் பார்த்தே ஊர் முழுவதையும் அளந்துவிட்டார். அங்கே நிற்பவர்களில் பாதிப் பேர் அவருடைய ஊரிலிருந்து பஸ் ஏறி வந்தவர்கள். அதைச் சொன்னால் வாதம் கெட்டுப்போகும், பாவம்.

“எங்க தெருவுல ஒரு பொண்ணு வண்டி வாங்குச்சு. வாங்குன சூட்டோட எவனோடயோ ஓடிப்போச்சு.”

“அந்த வண்டியிலயா மாமா?” என்றாள் அக்கா.

“இல்ல, பஸ்ஸுல.”

அப்படிப் பார்த்தால் நிறுத்தவேண்டியது பஸ்ஸைத்தான். இதை மட்டும் நான் வாய்விட்டே சொல்லிவிட்டேன்.

“அப்போ வயசுப் பொண்ணு ராப்பகலா ஊர் சுத்தணும்கிறியா?”

நான் கேட்டது காலையில் ஆஸ்பத்திரிக்குப் போக. அதை அடிப்பது சிரமம் என்று, அடிக்கத் தோதாக ஒரு பேச்சை அவரே தயார்செய்து, என் வாயில் திணித்து, அவரே அடித்து வீழ்த்தினார். போதாததற்கு, “பத்தாவது தாண்டாதவனுக்கு என்ன தெரியும்?” என்றார். நான் தாண்டவில்லை என்பது உண்மைதான். நான் தாண்டியிருந்தால் பஸ் நேரத்துக்கு வந்திருக்குமோ என்னவோ.

கடைசியாக, “தாய்மாமன் சொல்றேன், அவ்வளவுதான்” என்றார். அம்மா தலையைக் குனிந்துகொண்டாள். அக்கா எழுந்து அடுப்படிக்குப் போனாள். அழத்தான் போகிறாள் என்று எனக்குத் தெரியும்.

“மச்சான், விழுந்துடுவாளோன்னு பயமா இருந்தா அதைச் சொல்லுங்க. எனக்கும் அந்தப் பயம் இருக்கு.”

அவர் டிவியை நிறுத்தினார்.

“போன வாரம் ஒரு புள்ள ஸ்கூட்டியோட லாரியில அடிபட்டுக் கெடந்துச்சு மாப்ளே. நம்ம புள்ள வயசுதான் இருக்கும்.”

அவ்வளவு நேரத்தில் அவர் சொன்ன ஒரே காரணம் அதுதான். வெறும் சத்தத்துக்கு நாம் என்ன பதில் சொன்னாலும் எடுபடாது. காரணத்துக்குச் சொல்லலாம். அம்மாவே சொன்னாள்: “நல்லா பழகிட்டு ஓட்டட்டும்ணே. ஹெல்மெட் இல்லாம வண்டியத் தொடக் கூடாது.”

மாமா சரி என்று சொல்லவில்லை. “ஹெல்மெட்ட நான் வாங்கித் தர்றேன்” என்றார். அவர் பாஷையில் அதுதான் சரி.

அடுத்த ஞாயிறு கொண்டுவந்தார். அக்கா தலையில் அது குடத்தைக் கவிழ்த்ததுபோல ஆடியது.

“பெருசா இருக்கு மாமா.”

“கடையில எல்லாரும் இதைத்தான் வாங்குறாங்க.”

“எல்லாரும் என் தலையிலயா போட்டுப் பாத்தாங்க?”

மாமா அவள் தலையிலிருந்து ஹெல்மெட்டைக் கழற்றினார். அப்புறம், “சரி, கிளம்பு. போட்டுப் பாத்தே வாங்குவோம்” என்று அவளையும் கூட்டிக்கொண்டு கடைக்குப் போனார்.