திகைப்பூண்டு

இன்னைக்குக் களை புடுங்குன கையில அடிச்ச பச்சை வாசம், கூடலூர் மலையடிவாரத்துல இப்ப தார் ரோட்டுக்கடியில போயிட்ட ஒத்தையடிப் பாதைக்கே என்னைய இழுத்துட்டுப் போயிருச்சு, கூடவே வெக்கமும் வந்துருச்சு.

சின்னப்பயலா இருக்கையில, உழுதுகிட்டிருந்த அய்யாவுக்குக் கொண்டுபோன கம்பங்கஞ்சியையும் கருவாட்டையும் வழியிலயே முழுங்கிட்டு, பொழுது சாயப் போயி, "திகைப்பூண்ட மிதிச்சுட்டேன்யா, வழி மறந்து சுத்துனேன், கஞ்சி கொட்டிருச்சு"ன்னு அழுதேன். மிதிச்சவனுக்கு வழி மறக்கும்னு ஊரே நம்புன பூண்டு. அது எப்படியிருக்கும்னுதான் ஒருத்தருக்கும் தெரியாது.

"நீ வந்து சேந்ததே போதும்லே"ன்னு அய்யா, திகைப்பு தெளியட்டும்னு என் துண்ட உள்வெளியாத் திருப்பிக் கட்டிவிட்டாக. பெறகு பட்டினி வயித்தோட மம்பட்டிய எடுத்து, பாதையோரச் செடியெல்லாம் வெட்ட ஆரம்பிச்சாக.

"இதுவா பாருலே?"

நான் ஏப்பத்த அடக்கிக்கிட்டு, "இல்லய்யா, அந்தா, அது"ன்னு கைய நீட்டுனேன்.