லயம் போன கிறிஸ்துமஸ் பாட்டு

ஜெராமில் நான் வேலை செய்யும் சாப்பாட்டுக் கடையில் "என்ன தண்ணி வேணும்?" என்று கேட்டால், டீயா காப்பியா என்று அர்த்தம். தூத்துக்குடியில் வீட்டுக்கு வந்தவரிடம் இப்படிக் கேட்டால் குடும்ப மானமே கப்பலேறிவிடும். இங்கேயும் தமிழ்தானே, என்ன கஷ்டம் என்று நினைத்துத்தான் விமானம் ஏறினேன். நாலு வருஷமாகியும் தடுக்கி விழுந்துகொண்டிருக்கிறேன்.

டீ ஆற்றும்போது நான் முணுமுணுத்த பாட்டை, கடைக்கு வழக்கமாக வரும் தேவி கேட்டுவிட்டாள். பிள்ளைத்தாய்ச்சி மரியாளுக்கு இடம் கேட்டுச் சூசையப்பர் கதவு கதவாகத் தட்டும் கிறிஸ்துமஸ் பாட்டு. ஊரில் இதை வீடு வீடாகப் போய்ப் பாடுவோம். எல்லாக் கதவும் திறக்கும். கடைசியாகப் பாடியபோது மகள் ஜெனி என் தோளில் உட்கார்ந்து கைதட்டினாள். இப்போது அவளுக்கு ஐந்து வயது. இந்தக் கிறிஸ்துமஸுக்கு வந்துவிடுவேன் என்று போனில் சத்தியம் செய்திருந்தேன்.

தேவி பக்கத்துச் செம்பனைத் தோட்டத்தில் பிறந்தவள். அந்தப் பாட்டை வைத்து வசனமே இல்லாமல், கவிதை மாதிரி ஒரு குறும்படம் எடுக்கப்போவதாகச் சொன்னாள். நான்தான் சூசையப்பர். படப்பிடிப்பு ஞாயிற்றுக்கிழமை. அன்று காலையில்தான் முதலாளி, இந்த வருஷமும் லீவு கிடையாது என்று சொல்லியிருந்தார்.

தோட்டத்தில் ஆளில்லாத வீடுகள் வரிசையாக நின்றன. முதல் கதவைத் தட்டினேன். தேவி கேமராவை இறக்கிவிட்டு, "லயம் போச்சுண்ணே" என்றாள். சரி, தட்டு ஒழுங்காக விழவில்லை போல என்று, அடுத்த கதவில் எண்ணி எண்ணித் தாளத்தோடு தட்டினேன்.

"என்னண்ணே, உருமி அடிக்கிறீங்களா?"

"லயம் போச்சுன்னு நீங்கதானே சொன்னீங்க?"

"ஐயோ, லயம்னா இந்த வீடுங்கதான்லா! நாங்க பொறந்து வளந்த எடம். அடுத்த வாரம் ஒடைக்கிறாங்க."

இருவரும் சிரித்தோம். அவள் சிரிப்பு பாதியில் நின்றுபோனது. மறுபடியும் தட்டினேன், இந்த முறை தாளமெல்லாம் இல்லை. கை வலிக்க வலிக்கத் தட்டினேன். யாரும் வரவில்லை. படத்தில் நான் அழுவது நடிப்பில்லை.

சொன்ன வாரத்தில் லயத்தை இடித்துவிட்டார்கள். வரமுடியாது என்று ஜெனியிடம் சொல்ல வாய் வராமல், படத்தை மனைவிக்கு அனுப்பிவைத்தேன். கொஞ்ச நேரத்தில் அவள் கூப்பிட்டாள்.

"ஏங்க, அப்பா தட்டுறாவன்னு இவ ஓடிப்போய் வாசக்கதவத் தொறந்துட்டா. அங்கனயே நிக்கா. கூப்பிட்டா உள்ள வரமாட்டேங்கா."