ராகலையில் ஐஸ் போட்டு வளர்த்த பியோனி

கண்டியில் என் வீட்டுத் தொட்டியில் மூன்று வருடமாக பியோனி என்ற குளிர்நாட்டுப் பூச்செடி ஒன்று இலை விடுகிறது, வாடுகிறது. பூத்ததே இல்லை. வேர் நன்றாகக் குளிர்ந்தால்தான் அது மொட்டு வைக்குமாம். ராகலையில் ஒருவர் வீட்டில் மொட்டு வந்திருக்கும் படத்தை வாட்ஸ்அப் குழுவில் பார்த்ததும், நுவரெலியாவின் ஏப்ரல் சீசன் கூட்டத்தையும் பாராமல் கிளம்பிவிட்டேன்.

நுவரெலியாவிலிருந்து ராகலைக்குப் பஸ்ஸில் இருபது கிலோமீட்டருக்குச் சற்று அதிகம். கந்தப்பளை வழியாக ஒரு மணி நேரம், டிக்கெட் நூற்றிருபது ரூபாய்.

அந்தச் செடியை வளர்க்கும் ரீட்டா கல்யாணங்களுக்குப் பூ அலங்காரம் செய்பவர். கணவர் அன்டன் மீன் வியாபாரி. வீட்டுக்குப் பின்னால் மண்ணை மேடாக்கிச் செடியை நட்டிருந்தார்கள். கிழங்கின் முளைக்கு மேல் இரண்டு விரல் மண்கூட இல்லை. நானோ ஒரு சாண் ஆழத்தில் புதைத்திருந்தேன்!

“இங்க ராக்குளிரு மட்டும் பத்தாதுங்க அக்கா. ஜனவரி முழுக்க, மீன் படாத ஐஸா பாத்து வேரச் சுத்திப் போட்டேன்” என்றார் ரீட்டா.

“மீன் வாங்க வர்றவங்கல்லாம், ‘செடிக்குக் காய்ச்சலா?’ன்னு கேக்குறாங்க” என்று அலுத்துக்கொண்டார் அன்டன்.

இருந்தது ஒரே மொட்டு. போன வருட மொட்டு மழையில் கறுத்து உதிர்ந்துவிட்டதாம். பேசிக்கொண்டிருக்கும்போதே வானம் இருட்டியது. மொட்டு பஞ்சு மாதிரி இருந்தால் வெட்டித் தண்ணீரில் வைத்தாலும் மலரும். கல்லாக இருந்தால் மலராது. ரீட்டா அமுக்கிப் பார்த்தார்.

“ரெண்டுங்கெட்டானா இருக்கு.” கத்தரிக்கோலை எடுத்தவர் திரும்ப வைத்துவிட்டார். “செடியிலயே இருக்கட்டுங்க. வெட்டிட்டா எனக்குத் தூக்கம் வராது.”

அன்டன் மீன் மூடும் தார்ப்பாயைக் கொண்டுவந்தார். நானும் ஒரு முனையைப் பிடிக்க, நான்கு கம்புகளில் கட்டி முடிப்பதற்குள் மூவரும் தொப்பலாகிவிட்டோம். அன்று ராகலை டவுனிலேயே நாலாயிரம் ரூபாய்க்கு அறை எடுத்துத் தங்கினேன்.

காலையில் பயந்துகொண்டேதான் போனேன். ஓரத்து இதழ்கள் இரண்டு பழுப்பேறியிருந்தன. மற்றதெல்லாம் இளஞ்சிவப்பு, உள்ளங்கை அகலத்துக்கு விரிந்திருந்தது. ரீட்டா பக்கத்தில் குந்தியிருந்தார்.

நீங்களும் வளர்ப்பதென்றால் சீக்கிரம் பூக்கும் ரகமாக வாங்குங்கள். காலை வெயில் போதும். தண்ணீர் தேங்கக் கூடாது. கண்டிச் சூட்டில் எனக்கு ஐஸ் கைகொடுக்குமா, தெரியவில்லை. ஆனாலும் போடத்தான் போகிறேன். ஏப்ரலில் இந்தப் பக்கம் வந்தால் அறையை முன்கூட்டியே பிடித்துவிடுங்கள். குடை அவசியம்.

நான் விடைபெறும்போது அன்டனும் வியாபாரத்துக்குக் கிளம்பினார். மீன் வாடை பட்டுவிடுமோ என்று இரண்டு கைகளையும் பின்னால் கட்டிக்கொண்டு, குனிந்து பூவை முகர்ந்தார். கொஞ்ச நேரம் நிமிரவே இல்லை.

“ரீட்டா, அடுத்த வருசம் ரெண்டு செடியா வைப்பமா?”