இருமல் தடைசெய்யப்பட்ட வீடு

மருந்துப் பெட்டிக்குள் மடித்து வைக்கும் தாளை உலகத்தில் யாரும் படிப்பதில்லை, பிழை திருத்துகிறவரைத் தவிர. அச்சகத்துக்காக வீட்டிலிருந்தே அந்த வேலையைப் பார்த்துவந்தவருக்குப் போன மாதம் ஒரு சறுக்கல். மருந்தின் அளவு தப்பாகப் போய், இயந்திரத்தில் ஏறும் நேரத்தில் யாரோ பிடித்துவிட்டார்கள். இன்னொன்று நடந்தால் பார்த்துக்கொள்ளலாம் என்று முதலாளி தன்மையாகச் சொன்னார். அந்தத் தன்மைதான் அவரைத் தூங்கவிடவில்லை. அதைவிட, பிடிக்காமல் விட்டிருந்தால் அது எந்தக் குழந்தையின் வாய்க்குப் போயிருக்கும் என்ற நினைப்பு.

வீட்டளவில் விசாரணை நடத்தியதில் சத்தம்தான் குற்றவாளி என்று தீர்ப்பாயிற்று. சாமான் அறையைக் காலி செய்து மேசையைப் போட்டார். சன்னல் இடுக்கில் பஞ்சு. சுவர்க் கடிகாரத்துக்குக் கட்டாய ஓய்வு. கூடத்தில் மாமியாரின் இருமலுக்குத் தடை. செல்போனை அணைத்துப் பீரோவில் கம்பளிக்கு அடியில் புதைத்தார். பதினைந்து வருடமாக, அச்சுத்தாளோடு ஒப்பிட மூலப்பிரதியை உரக்க வாசித்துக் கொடுத்த மனைவியையும் பதவியிலிருந்து விடுவித்தார். நடுவில் வீட்டு விஷயத்தையும் சேர்த்து வாசிக்கிறாள் என்பது அவள் மீதான குற்றச்சாட்டு.

அமைதி வந்தது. கூடவே பயமும் உள்ளே வந்து கதவைச் சாத்திக்கொண்டது. எச்சில் விழுங்குவதே இடிபோலக் கேட்டது. ஒரே வரியை ஒன்பது முறை படித்தார். ஒன்பது முறையும் சரியாகவே இருந்தது. அதையே அவரால் நம்ப முடியவில்லை.

நான்காம் நாள் பகலில் தாங்காமல் கதவைத் திறந்தார். கூடத்தில் மாமியார் வாயில் துண்டைத் திணித்துக்கொண்டு, இருமலை அடக்கிக் கண் பிதுங்க உட்கார்ந்திருந்தார்.

"இருமுங்க அத்தை," என்றார். பிறகு மனைவியிடம் மூலப்பிரதியை நீட்டினார். "ஒரே ஒரு தடவை படிச்சுடேன்."

"வேலையை விட்டுத் தூக்கினவ எதுக்காம்?" என்றபடியே வாங்கினாள். "குழந்தைகளுக்கு அஞ்சு சொட்டு, சோப்பு தீந்துபோச்சு, தினம் ரெண்டு வேளை..."

"நிறுத்து. எத்தனை சொட்டு?"

"அஞ்சு."

அவர் கையிலிருந்த அச்சுத்தாளில் ஐம்பது என்றிருந்தது. பக்கத்திலேயே, காலையில் அவர் போட்ட 'சரி' குறி. இருக்கவேண்டியது எதுவென்று தெரிந்த கண், இருந்ததைப் பார்க்கவே இல்லை.

மனைவி தாளை இறக்கினாள். "அந்த ரூம்லேருந்து இதுவரைக்கும் அச்சகத்துக்கு எத்தனை தாள் அனுப்பிச்சீங்க?"

"ஆறு."

பீரோவைத் திறந்து கம்பளிகளை வாரி எறிந்தார். செல்போன் உயிர் வந்து விழிக்க ஒரு நிமிடம் பிடித்தது. அந்த நிமிடத்தில், அனுமதி கிடைத்தும், வீட்டில் யாரும் இருமவில்லை.