முத்திரை விழாத கடிதம்

எந்தச் சங்கம் என்று சொல்லமாட்டேன். கண்டிக்குப் பக்கத்தில் ஒரு பலநோக்குக் கூட்டுறவுச் சங்கம், அவ்வளவுதான். அங்கே இருபத்திரண்டு வருஷமாக நான் லொறி ஓட்டுகிறேன். பெயர் மூக்கையா. கலாராணி அங்கே கிளை முகாமையாளர். ஹுன்னஸ்கிரியத் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறித்தவரின் மகள், படித்துப் படித்தே அந்தக் கதிரைக்கு வந்தவள். புருஷன் இல்லை. அந்தச் சம்பளத்தில்தான் மகள் டிலானி கம்பஸில் படிக்கிறாள்.

கலாராணிக்கு ஒரு பைத்தியம் உண்டு. விதி. கூட்டுறவு ஊழியர் ஆணைக்குழுவின் ஒழுக்காற்று விதிகளைச் சிங்களத்தில் வாசித்து, தமிழில் தானே ஒரு கொப்பியில் எழுதி அலுமாரியில் வைத்திருந்தாள். எங்களில் யாருக்காவது கடிதம் வந்தால் கொப்பி வெளியே வரும். கடைசியில் எல்லாருக்கும் ஒரே உபதேசம்.

"எதக் குடுத்தாலும் பிரதியில திகதி முத்திரை வாங்குங்க. முத்திரை இல்லன்னா நீங்க குடுக்கவே இல்லன்னுதான் அர்த்தம்."

இவள் வீட்டில் சோறு போட்டாலும் பிரதியில் கையெழுத்து வாங்குவாள் என்று நாங்கள் கேலி செய்வோம்.

களஞ்சியக்காரன் யோகராஜ் மூன்று வருஷத்துக்கு முந்தி சங்கத் தலைவரோடு வாய்த்தர்க்கப்பட்டான். நிர்வாக சபை ஒரே வரியில் அவனை வீட்டுக்கு அனுப்பியது. "எங்கட துணைவிதியில அதிகாரம் இருக்கு" என்றார் தலைவர். கலாராணி விடவில்லை. துணைவிதி சங்கத்தை நடத்துவதற்கு, ஆளை வேலையிலிருந்து நீக்குவதென்றால் ஆணைக்குழுவின் விதிதான் நிற்கும், குற்றப்பத்திரிகை கொடுக்க வேண்டும், பதில் சொல்ல நாள் கொடுக்க வேண்டும், விசாரணை வைக்க வேண்டும் என்று ஆணைக்குழுவுக்கு எழுதினாள். ஒன்பது நாள் லீவு போட்டு அவனுக்காக அலைந்தாள். வேலை திரும்பக் கிடைத்த அன்று யோகராஜ் அவள் காலில் விழுந்தான். "நீங்கதான் அக்கா எனக்குச் சாமி" என்றான். நானும் பார்த்துக்கொண்டுதான் நின்றேன்.

போன வருஷம் தலைவர் தன் கட்சிக் கூட்டத்துக்கு ஆட்கள் உட்காரக் கதிரை ஏற்ற லொறியைக் கேட்டார். கலாராணி என்னிடமிருந்து சாவியை வாங்கி மேசைக்குள் வைத்துப் பூட்டினாள்.

"சங்கத்து லொறி கட்சிக்கு ஓடாதுங்க."

ஒரே வாரத்தில் அவளுக்கு இடைநிறுத்தக் கடிதம் வந்தது. கீழ்ப்படியாமை என்று குற்றப்பத்திரிகை. பதில் சொல்லப் பதினான்கு நாள், அதுவரை வேலை செய்த கந்தோர் வாசலை மிதிக்கக்கூடாது. இந்த முறை எல்லாம் விதிப்படி. அவளிடமே படித்துக்கொண்டார்கள், பாவிகள்.

ஆறு பக்கத்தில் பதில் எழுதினாள். என்னைச் சாட்சியாகப் போட்டிருந்தாள். பதிவுத் தபாலில் போடச் சொன்னேன்.

"எதுக்குண்ணே? யோகராஜ் நாளைக்குத் தலைமைக் கந்தோருக்குத்தானே போறான்."

"முத்திரை?"

"அவன்கிட்டயா? போங்கண்ணே." சிரித்தாள்.  மறுநாள் பின்னேரம் அவனே போன் எடுத்து, "குடுத்துட்டேன்க்கா" என்றான்.

சாட்சி சொல்ல வெள்ளைச் சட்டையை அயர்ன் பண்ணி வைத்துக்கொண்டு காத்திருந்தேன். யாரும் கூப்பிடவில்லை.

இரண்டு மாதம் கழித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை, கலகெதரையில் அவள் வாடகை வீட்டுக் குழாயை நான் சரிசெய்துகொண்டிருந்தேன். யோகராஜ் வந்தான். காலில் புதுச் சப்பாத்து. உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை. கடிதத்தை நீட்டினான். கலாராணி சத்தமாக வாசித்தாள். குறித்த நாளுக்குள் பதில் கிடைக்காததால் குற்றம் ஒப்புக்கொள்ளப்பட்டதாகக் கருதி, பணிநீக்கம். கீழே நிர்வாக சபைக்காகக் கையெழுத்து, பதில் கிளை முகாமையாளர் யோகராஜ். அவள் கதிரையில் இப்போது அவன்.

எனக்குத் தலைக்கு ஏறிவிட்டது. "அவ குடுத்த கடிதத்த என்னடா செஞ்ச?"

"தலைவர் கையிலதான் குடுத்தேன்" என்றான் தரையைப் பார்த்து.

"முத்திரை வாங்கலியா?" என்று கேட்டாள் கலாராணி. கோபமாகக்கூட இல்லை.

அவன் இன்னொரு தாளை எடுத்தான். "அக்கா, இந்தப் பிரதியில ஒரு கையெழுத்து. திகதியும் போடணும்."

"நேரமும் போடணும். சொல்லித் தந்தேனே" என்றாள் அவள்.

மேன்முறையீடு செய்யலாம், நான் வந்து சொல்வேன் என்றெல்லாம் கத்தினேன். அவள் காதில் விழுந்த மாதிரி இல்லை. கையெழுத்திட்டு, திகதியும் நேரமும் எழுதிக் கொடுத்தாள். யோகராஜ் போனை எடுத்துத் திகதியைச் சரிபார்த்தான். நேரத்தையும் சரிபார்த்தான். மை காயும் வரை ஊதி, மடித்து, பைக்குள் வைத்தான். ஒன்றையும் விடவில்லை, அவள் சொல்லிக் கொடுத்தபடியே செய்தான்.

அதைப் பார்த்த பிறகுதான் கலாராணி அழுதாள்.